கையாடலும் பணிநீக்கமும்: நீதிமன்றம் எதனைப் பார்க்கிறது?

கூட்டுறவுச் சங்கத்தின் பொதுப்பணத்தில் கைவைத்தார் என்று வேலையிலிருந்து நீக்கப்பெற்ற ஊழியர், சில ஆண்டுகள் கழித்து நீதிமன்ற உத்தரவுடன் மீண்டும் அதே நாற்காலியில் வந்து அமர்ந்தால், அங்கத்தினர்களின் உள்ளம் கொதிப்பது இயற்கையே. “கணக்கில் பணம் குறைந்தது உண்மைதானே? அப்படியிருக்க அவரை எவ்வாறு திரும்ப அமர்த்தினார்கள்?” என்று பொதுப்பேரவையில் வினவுவோர் உண்டு. மறுபுறம், ஒரு காசும் தொடாத எழுத்தர் ஒருவர், பலர் கூடிப் பழி கூறிய காரணத்தால் வேலையையும் மானத்தையும் ஒருங்கே இழப்பதும் உண்டு. இவ்விரண்டும் வெவ்வேறு தீமைகளாகத் தோன்றினும், பெரும்பாலும் இரண்டுக்கும் வேர் ஒன்றே. குற்றச்சாட்டைத் தெளிவாக எழுதி, சான்றுகளை முறைப்படி வைத்து, சம்பந்தப்பட்டவரின் பதிலையும் கேட்டு விசாரணை நடத்தாமையே அவ்வேர்.

இப்பொருளை விளக்குவதற்கு அரசாங்க ஊழியர்களின் வழக்குகளே மிகவும் ஏற்றவை. பணியாளரை நீக்கும் முறை பற்றிய சட்டம் நம் நாட்டில் முதன்மையாக அவர்கள் தொடுத்த வழக்குகளிலேயே வளர்ந்தது. அவற்றில் நிலைபெற்ற கொள்கைகள் பல, சங்க ஊழியர்களுக்கும் பொருந்துவன. ஆகவே முதலில் அரசாங்க ஊழியரின் நிலையையும், பின்னர் நம் சங்கங்களின் நிலையையும் காண்போம்.

1. சட்டம் வளர்ந்த வரலாறு

பிரிட்டிஷ் ஆட்சிக் காலத்தில் அரசாங்க ஊழியர் மன்னரின் விருப்பம் உள்ளளவும் மட்டுமே பதவி வகிப்பவர் என்பது கொள்கையாக இருந்தது. ஊழியரை நீக்குமுன் விசாரிக்க வேண்டும் என்று விதிகள் இருந்தன. ஆனால் அவ்விதிகளை அதிகாரிகள் மீறினால் ஊழியர் நீதிமன்றம் செல்ல இயலுமா என்பது ஐயமாகவே இருந்தது.

இவ்வையத்தைத் தீர்த்த இரு வழக்குகளும் சென்னை மாகாணத்திலிருந்தே லண்டன் பிரிவி கவுன்சிலுக்குச் சென்றவை. சென்னை அரசாங்க அச்சகத்தில் பணியாற்றிய ஒருவர், தேர்வு வினாத்தாள் வெளியான செய்தியில் சந்தேகிக்கப்பட்டு நீக்கப்பெற்றார். விதிகளில் கூறியபடி அவரை விசாரிக்கவில்லை. ஆயினும் 1936ஆம் ஆண்டில் பிரிவி கவுன்சில், விதி மீறப்பட்டதற்குப் பரிகாரம் மேலதிகாரிகளிடம் முறையிடுவதேயன்றி நீதிமன்றத்தில் வழக்காடுவதன்று என்று முடிவு செய்தது. அவர் தோற்றார். அதே சமயத்தில் தீர்க்கப்பட்ட மற்றொரு வழக்கில், போலீஸ் சப் இன்ஸ்பெக்டர் ஒருவரை, அவரை நியமித்தவருக்குக் கீழ்ப்பட்ட அதிகாரி நீக்கியது செல்லாது என்று தீர்ப்பாயிற்று. இரண்டுக்கும் வேற்றுமை என்னவெனில், முன்னது வெறும் விதியை மீறியது. பின்னது சட்டத்திலேயே எழுதப்பட்டிருந்த தடையை மீறியது.

எனவே ஊழியரின் பாதுகாப்பு சட்டத்திலேயே இடம்பெற வேண்டும் என்பது தெளிவாயிற்று. 1935ஆம் ஆண்டு இந்திய அரசாங்கச் சட்டத்தின் 240ஆவது பிரிவு அவ்வாறு செய்தது. 1950இல் நடைமுறைக்கு வந்த நம் அரசியல் சட்டம் அதனை 311ஆவது ஷரத்தாக ஏற்றுக்கொண்டது.

2. 311ஆவது ஷரத்து கூறுவது யாது?

அரசியல் சட்டத்தின் 310ஆவது ஷரத்துப்படி, மத்திய அரசு ஊழியர் குடியரசுத் தலைவரின் விருப்பம் உள்ளளவும், மாநில அரசு ஊழியர் ஆளுநரின் விருப்பம் உள்ளளவும் பதவி வகிக்கின்றனர். அடுத்து வரும் 311ஆவது ஷரத்து அவ்விருப்பத்திற்கு இரண்டு வரம்புகளை இடுகிறது. முதலாவது, நியமித்த அதிகாரிக்குக் கீழ்ப்பட்ட எவரும் ஊழியரை நீக்குதல் ஆகாது. இரண்டாவது, குற்றச்சாட்டுகளைத் தெரிவித்து, அவை பற்றித் தம் கட்சியைக் கூற நியாயமான வாய்ப்பளித்து விசாரித்த பின்னரே, நீக்குதலோ பதவி இறக்கமோ செய்யலாம்.

‘நியாயமான வாய்ப்பு’ என்பதன் பொருளைச் சுப்ரீம் கோர்ட் 1957 டிசம்பரில் வழங்கிய ஒரு தீர்ப்பில் விரித்துரைத்தது. தம்மீது சாட்டப்பட்ட குற்றம் இன்னது, அது இன்ன செய்திகளை ஆதாரமாகக் கொண்டது என்பதை ஊழியர் அறிந்து, அதனை மறுக்க வாய்ப்புப் பெறவேண்டும். எதிர்ச் சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்யவும், தாமும் தம் சாட்சிகளும் வாக்குமூலம் அளிக்கவும் இடமிருக்க வேண்டும். இவ்விரண்டோடு, விதிக்க எண்ணிய தண்டனை பற்றியும் இரண்டாம் முறை கருத்துக் கூற அக்காலத்தில் வாய்ப்பளிக்க வேண்டியிருந்தது. 1976ஆம் ஆண்டின் 42ஆவது அரசியல் சட்டத் திருத்தம் இவ்விரண்டாம் வாய்ப்பை நீக்கிவிட்டது. முதலில் கூறிய இரண்டும் இன்றும் உயிருடன் உள்ளன.

விசாரணையின்றியே நீக்குவதற்குச் சில விலக்குகளும் உண்டு. குற்றவியல் நீதிமன்றத்தில் தண்டனை பெற்றவரை, அத்தண்டனைக்குக் காரணமான நடத்தையின் பேரில் நீக்கலாம். விசாரணை நடத்துவது நடைமுறையில் சாத்தியமில்லை என்று அதிகாரி காரணத்தை எழுத்தில் பதிந்து நீக்கலாம். நாட்டின் பாதுகாப்பு கருதியும் நீக்கலாம். பணக் கையாடல் வழக்குகளில் இவற்றுள் முதலாவதே பெரும்பாலும் பயன்படும்.

தமிழ்நாட்டு அரசு ஊழியர்மீது பெருந்தண்டனைக்குரிய நடவடிக்கை, ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளின் 17(பி) விதியின்படி தொடங்கும். ‘செவன்டீன் பி’ என்று அலுவலகங்களில் பேசிக்கொள்வது இதனையே. தண்டனை உத்தரவு வந்தபின் ஊழியர் முதலில் இலாகாவுக்குள்ளேயே மேல்முறையீடு செய்ய வேண்டும். அதிலும் தோற்றால், மத்திய அரசு ஊழியர் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தையும், தமிழ்நாட்டு அரசு ஊழியர் சென்னை உயர்நீதிமன்றத்தையும் அணுகலாம்.

3. நீதிமன்றம் பார்ப்பதும் பாராததும்

இங்கேதான் பலரும் தவறாக எண்ணுகின்றனர். நீதிமன்றம் வழக்கை முதலிலிருந்து மறுபடியும் விசாரித்து, ஊழியர் பணத்தை எடுத்தாரா இல்லையா என்று தீர்மானிக்கும் என்பது அவர்களுடைய எண்ணம். அவ்வாறு செய்வது உயர்நீதிமன்றத்தின் வேலையன்று என்று சுப்ரீம் கோர்ட் 1963ஆம் ஆண்டிலிருந்தே கூறிவருகிறது. 2014ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றில் இதனைப் பட்டியலாகவே வகுத்துரைத்தது.

அப்பட்டியலின் சாரம் வருமாறு. விசாரித்தவருக்கு அதிகாரம் இருந்ததா, வகுத்த முறைப்படி விசாரணை நடந்ததா, இயற்கை நீதி பேணப்பட்டதா, முடிவுக்கு ஏதேனும் சான்று இருந்ததா, தொடர்பில்லாத காரணங்கள் முடிவைப் பாதித்தனவா, ஏற்கவேண்டிய சான்று தள்ளப்பட்டதா அல்லது தள்ளவேண்டிய சான்று ஏற்கப்பட்டதா, முடிவு எந்த நியாயமான மனிதனும் எட்ட இயலாத அளவுக்குத் தாறுமாறானதா என்பவற்றை நீதிமன்றம் பார்க்கும். இருக்கும் சான்று போதுமா போதாதா என்று எடைபோடுவதையும், சாட்சியை நம்பலாமா என்று மறுபடி ஆராய்வதையும் அது மேற்கொள்ளாது. தண்டனையின் அளவில், மனச்சான்றை அதிரச் செய்யும் அளவுக்கு அது மிகையாக இருந்தாலன்றித் தலையிடாது.

இதிலிருந்து நாம் உணரவேண்டியது ஒன்றுண்டு. விசாரணைக் கோப்பில் இல்லாத உண்மை நீதிமன்றத்தில் உதவாது. ஊர் முழுவதும் அறிந்த திருட்டாயினும், கோப்பில் அதற்குச் சான்று இல்லையேல் பணிநீக்கம் நில்லாது. கோப்பில் சான்று இருந்து, முறையும் வழுவாதிருப்பின், ஊழியர் எவ்வளவு திறமையாக வழக்காடினும் நீதிமன்றம் உத்தரவைக் கலைக்காது.

4. ஊழியர் தோற்ற வழக்குகள்

ஹரியானா அரசுப் பேருந்து நடத்துனர் ஒருவரின் வழக்கு 1977இல் சுப்ரீம் கோர்ட்டில் தீர்ப்பாயிற்று. பரிசோதகர்கள் வண்டியை நிறுத்திப் பார்த்தபோது, பயணிகள் பலர் கட்டணம் கொடுத்தும் சீட்டின்றி இருந்தனர் என்பது குற்றச்சாட்டு. அப்பயணிகளில் ஒருவரையும் விசாரணையில் சாட்சியாக அழைக்கவில்லை. அதனைக் காரணமாகக் கொண்டு கீழ் நீதிமன்றங்கள் நடத்துனருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தன. சுப்ரீம் கோர்ட்டில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் அத்தீர்ப்புகளைக் கலைத்தார். இலாகா விசாரணையில் சாட்சியச் சட்டத்தின் கடுமையான விதிகள் பொருந்தா. பரிசோதகரின் வாக்குமூலம் நம்பத்தக்க சான்றாக இருந்ததே போதும் என்பது முடிவு.

வருமானவரி அதிகாரி ஒருவர் தம் வருமானத்திற்கு மிஞ்சிய சொத்துச் சேர்த்தார் என்பதற்காக நீக்கப்பட்டார். தீர்ப்பாயம் அவர்மீது இரங்கி, பணிநீக்கத்தைக் கட்டாய ஓய்வாகக் குறைத்தது. 1995இல் சுப்ரீம் கோர்ட் அக்குறைப்பை ஏற்கவில்லை. தண்டனையை நிர்ணயிப்பது இலாகாவின் பொறுப்பு, தீர்ப்பாயத்தின் பொறுப்பன்று என்றது.

தமிழ்நாடு நுகர்பொருள் வாணிபக் கழகத்தின் ஊழியர் ஒருவரைப் பற்றிய வழக்கு 2006இல் முடிவாயிற்று. உயர்நீதிமன்றம் மீண்டும் வேலை தரச் சொன்னதைச் சுப்ரீம் கோர்ட் ஏற்கவில்லை. பணத்தையும் சரக்கையும் நம்பி ஒப்படைக்கும் பதவியில் இருப்பவர் நம்பிக்கையைக் கெடுத்தபின், போன தொகை சிறிதா பெரிதா என்று பார்ப்பதற்கில்லை என்பதே இத்தகைய வழக்குகளில் அக்கோர்ட் கொண்டுள்ள நிலை. நூல் கிடங்கையும் உரக் கிடங்கையும் நம்பி ஒப்படைக்கும் நமக்கு இது நன்கு விளங்கும்.

5. ஊழியர் வென்ற வழக்குகள்

மத்தியப் பொதுப்பணித் துறையின் பொறியாளர் ஒருவர், மேலதிகாரியின் வீட்டுக்குச் சென்று அவருக்கு நூறு ரூபாய் நோட்டுக் கொடுக்க முயன்றார் என்று குற்றம் சாட்டப்பட்டார். விசாரணை அதிகாரி குற்றம் மெய்ப்படவில்லை என்றார். அரசாங்கம் அதற்கு மாறாக முடிவு செய்து அவரை நீக்கியது. 1963இல் சுப்ரீம் கோர்ட் கூறியது இது: விசாரணை அதிகாரியின் முடிவுக்கு மாறுபட அரசாங்கத்துக்கு உரிமை உண்டு, ஆனால் மாறுபட்ட முடிவுக்கும் சான்று வேண்டும். ஐயம் எவ்வளவு வலியதாயினும் சான்றின் இடத்தைப் பெறாது. அப்பொறியாளரின் பணிநீக்கம் நிற்கவில்லை.

தேசியமயமாக்கப்பட்ட வங்கியொன்றில் வரைவோலைப் புத்தகம் காணாமற் போயிற்று. ஊழியர் ஒருவர் போலீசாரிடம் குற்றத்தை ஒப்புக்கொண்டார் என்பதைப் பெரிதாக நம்பி அவரை நீக்கினார்கள். விசாரணையில் கடிதங்களும் போலீஸ் அறிக்கையும் வைக்கப்பட்டன. ஆனால் அவற்றில் எழுதியிருப்பது உண்மை என்று கூற ஒரு சாட்சியும் வரவில்லை. 2008 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட் அப்பணிநீக்கத்தைக் கலைத்தது. காகிதத்தை மேசைமேல் வைப்பது வேறு, அதில் கண்ட செய்தியை மெய்ப்பிப்பது வேறு என்பது அத்தீர்ப்பு நமக்குத் தரும் பாடம்.

மூன்றாவது, கோலார் தங்கவயலில் பாதுகாப்பு அதிகாரியாக இருந்தவரின் வழக்கு. போலீசார் அவர் வீட்டைச் சோதனையிட்டுத் தங்க உருண்டையும் தங்கம் கலந்த மணலும் எடுத்தனர் என்பது குற்றச்சாட்டு. குற்ற வழக்கும் இலாகா விசாரணையும் ஒரே செய்தியின் பேரில் ஒருங்கே நடந்தன. பணி இடைநீக்கக் காலத்தில் அவருக்குப் பிழைப்பூதியம் கொடுக்கவில்லை. கேரளத்தில் இருந்த அவர் விசாரணைக்கு வந்துபோகவும் வசதியற்றிருந்தார். அவர் இல்லாமலே விசாரணை முடிந்து, அவர் நீக்கப்பட்டார். பின்னர்க் குற்றவியல் நீதிமன்றம், சோதனையில் பொருள் எடுக்கப்பட்டதே மெய்ப்படவில்லை என்று அவரை விடுவித்தது. 1999இல் சுப்ரீம் கோர்ட் பணிநீக்கத்தை ரத்துச் செய்தது. உண்ண வழியற்றவனை வழக்காட வா என்று அழைப்பது நியாயமான வாய்ப்பாகாது.

6. விசாரணை அறிக்கையின் நகல்

விசாரிப்பவர் ஒருவராகவும் தண்டிப்பவர் மற்றொருவராகவும் இருக்கும்போது, விசாரணை அறிக்கையின் நகலை ஊழியருக்குக் கொடுத்து, அவருடைய மறுப்பைப் பெற்ற பின்னரே தண்டிப்பவர் முடிவு செய்ய வேண்டும். இதனைச் சுப்ரீம் கோர்ட் 1990இல் கூறி, 1993இல் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வில் உறுதி செய்தது.

ஆயினும் நகல் கொடுக்கவில்லை என்ற ஒன்றைக் காட்டியே எவரும் வேலைக்குத் திரும்பிவிட முடியாது. நகல் கிடைக்காமையால் தமக்கு என்ன கேடு நேர்ந்தது என்று ஊழியர் காட்ட வேண்டும். கேடு நேர்ந்தது மெய்யானால், அந்தக் கட்டத்திலிருந்து விசாரணையை மீண்டும் தொடரும்படி நீதிமன்றம் திருப்பியனுப்பும். ஆகவே ‘கேஸ் ஜெயித்தது’ என்று ஊரில் பேசப்படும் வழக்குகள் பலவற்றில், ஊழியர் குற்றமற்றவர் என்ற தீர்ப்பு கிடையாது. விசாரணை மறுபடி நடைபெறும் என்பது மாத்திரமே முடிவு.

7. பணத்தைத் திருப்பிக் கட்டினால் குற்றம் நீங்குமா?

பணத்தை எடுத்துச் சொந்தச் செலவுக்குப் பயன்படுத்திவிட்டு, தணிக்கைக்கு முன்னர்க் கட்டிவிடுவதைச் சிலர் குற்றமென்றே கருதுவதில்லை. தற்காலிகக் கையாடல் என்று தணிக்கை அறிக்கைகளில் நாம் எழுதுவது இதனையே. சிறிது காலத்துக்கு மாத்திரம் நேர்மையின்றித் தன்வயப்படுத்திக் கொள்வதும் குற்றமே என்று பழைய இந்தியத் தண்டனைச் சட்டம் 403ஆவது பிரிவின் விளக்கத்திலேயே கூறிற்று. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் நடைமுறைக்கு வந்துள்ள பாரதிய நியாய சன்ஹிதாவும் அவ்வாறே கூறுகிறது. பணம் திரும்பியது தண்டனையின் அளவைப் பற்றி யோசிக்கும்போது ஒரு செய்தியாகலாம். குற்றத்தை அது துடைத்துவிடாது.

குற்ற வழக்கில் ஐயத்துக்கிடமின்றி மெய்ப்பிக்க வேண்டும். இலாகா விசாரணையிலோ, நடந்திருப்பதே இயல்பு என்று கருதத்தக்க சான்று போதும். ஆகையால் போலீஸ் வழக்கில் விடுதலை பெற்றவர் இலாகா விசாரணையில் தண்டிக்கப்படுதல் கூடும். தங்கவயல் வழக்கைப் போல இரண்டிலும் சான்று ஒன்றேயாகி, நீதிமன்றம் அதனை முற்றிலும் தள்ளிவிட்டால் மட்டும் நிலை மாறும்.

8. நம் சங்கங்களின் நிலை

கூட்டுறவுச் சங்க ஊழியர் அரசாங்க ஊழியர் அல்லர். 311ஆவது ஷரத்து அவருக்குப் பொருந்தாது. ஆயினும் 1983ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டமும், 1988ஆம் ஆண்டு விதிகளும், சங்கத்தின் துணைவிதிகளும், இயற்கை நீதியும் அவருக்கு உண்டு. நீக்கப்பட்ட ஊழியர் சட்டத்தின் 153ஆவது பிரிவின்படி சீராய்வு மனுச் செய்வதை நாம் அடிக்கடி காண்கிறோம். அங்கும் கேட்கப்படும் கேள்விகள் மேலே கண்டவையே.

உதாரணத்திற்காக ஒரு நெசவாளர் சங்கத்தைக் கற்பனை செய்துகொள்வோம். இருப்புப் பதிவேட்டில் 40 சிப்பம் நூல் என்று இருக்கிறது. எண்ணிப் பார்த்தால் 34 சிப்பமே உள்ளது. நிர்வாகக் குழு சினங்கொண்டு, “சங்கத்தின் நலனுக்கு விரோதமாக நடந்து பெருந்தொகையைக் கையாடினீர்” என்று ஒரு வரியில் ‘சார்ஜ் மெமோ’ கொடுக்கிறது. கிடங்குச் சாவி யாரிடம் இருந்தது, எந்தத் தேதியில் எண்ணினார்கள், எண்ணியபோது அந்த ஊழியர் உடனிருந்தாரா என்பன ஒன்றும் அதில் இல்லை. குற்றம் சாட்டிய தலைவரே விசாரணை அதிகாரியாகவும் அமர்கிறார். ஒரே நாளில் விசாரணை முடிகிறது. மறுநாள் பணிநீக்க உத்தரவு.

ஆறு ஆண்டுகள் கழித்து அவ்வுத்தரவு கலைக்கப்படுகிறது என்று கொள்வோம். குறைந்த ஆறு சிப்பத்தின் விலை ரூ. 90,000, ஊழியரின் மாத ஊதியம் ரூ. 15,000. 72 மாதங்களுக்குப் பின்னூதியம் முழுவதும் கொடுக்க நேர்ந்தால் ரூ. 10,80,000 ஆகும். காணாமற் போன நூலைப் போல் பன்னிரண்டு மடங்கு! தவறாக நீக்கப்பட்டவருக்குப் பின்னூதியம் வழங்குவதே பொது நெறி என்று சுப்ரீம் கோர்ட் 2013இல் கூறியுள்ளது. இத்தொகை தலைவரின் கைப்பையிலிருந்து வருவதன்று. தறியில் அமர்ந்து நெய்தவரின் போனஸிலிருந்தும், விளைவித்தவரின் பங்கு ஈவிலிருந்தும் வருவது.

இனி, ஊழியரை நீக்குவதனால் மட்டும் சங்கத்தின் பணம் திரும்பிவிடாது. அதற்கு வழி 87ஆவது பிரிவின் தண்டத்தீர்வை நடவடிக்கை. தணிக்கையிலோ, 81ஆவது பிரிவு விசாரணையிலோ, 82ஆவது பிரிவு ஆய்விலோ கையாடல், நம்பிக்கை மோசடி, வேண்டுமென்றே செய்த அசட்டை ஆகியவற்றால் நட்டம் தெரியவந்தால், குற்றச்சாட்டு வனைந்து, வாய்ப்பளித்து, தொகையை வட்டியுடன் கட்டும்படி உத்தரவிடலாம். செயல் நடந்த நாளிலிருந்து ஏழு ஆண்டுகளுக்குள் இந்நடவடிக்கை தொடங்க வேண்டும். இது ஊழியர்மீது மாத்திரமன்றி நிர்வாகக் குழுவினர்மீதும் பாயக்கூடும் என்பதை நம் இயக்குநர்கள் மறத்தல் ஆகாது. பதிவேட்டைப் பாராமல் கையெழுத்திடும் பழக்கத்திற்கு விலை உண்டு.

9. நிர்வாகக் குழு கைக்கொள்ள வேண்டியவை

(அ) குறைவு கண்ட அன்றே ரொக்கத்தையோ சரக்கையோ ஊழியரின் முன்னிலையில் எண்ணி, மகஜர் எழுதி, உடனிருந்தோரின் கையெழுத்துப் பெறவேண்டும். ஊழியர் கையெழுத்திட மறுத்தால் அதனையும் எழுத வேண்டும்.

(ஆ) ரொக்கப் புத்தகம், பேரேடு, இருப்புப் பதிவேடு, ரசீதுகளின் அடிக்கட்டை ஆகிய மூலப் பதிவேடுகளைக் கைப்பற்றிப் பூட்டி வைக்க வேண்டும். நகல் மட்டும் போதாது.

(இ) ‘சார்ஜ் மெமோ’வில் தேதி, பதிவேட்டுப் பக்கம், ரசீது எண், தொகை ஆகியவற்றைக் குறிக்க வேண்டும். ஒவ்வொரு குற்றச்சாட்டும் தனித்தனியாக நிற்க வேண்டும். ஆதாரமான பத்திரங்களின் பட்டியலும் சாட்சிகளின் பட்டியலும் உடன் இணைக்க வேண்டும்.

(ஈ) குற்றத்தைக் கண்டவர், குற்றம் சாட்டியவர், சாட்சி கூறுபவர் ஆகியோர் விசாரணை அதிகாரியாக இருத்தல் கூடாது.

(உ) பத்திரத்தை எழுதியவரையோ, அதனை நன்கறிந்தவரையோ சாட்சியாக அழைத்து, அதனை மெய்ப்பிக்க வேண்டும். குறுக்கு விசாரணைக்கு இடங்கொடுக்க வேண்டும்.

(ஊ) பணி இடைநீக்கக் காலத்தில் பிழைப்பூதியத்தை மாதந்தோறும் தவறாது கொடுக்க வேண்டும். இதற்கெனத் தமிழ்நாட்டில் 1981இல் தனிச்சட்டமே இயற்றப்பட்டது.

(எ) விசாரணை அறிக்கையின் நகலைக் கொடுத்துப் பதில் பெற்று, அப்பதிலுக்கு விடை கூறும் வகையில் காரணங்களுடன் உத்தரவு எழுத வேண்டும். நீக்கும் அதிகாரம் துணைவிதிப்படி எவருக்கு உண்டோ அவரே கையெழுத்திட வேண்டும்.

10. ஊழியர் அறிய வேண்டியவை

குற்றச்சாட்டுப் பெற்ற ஊழியர் சினத்தினாலோ அச்சத்தினாலோ பதில் எழுதாமல் இருப்பது பெருந்தவறு. கேட்ட பத்திரம் கிடைக்காவிட்டால் அதனை எழுத்தில் கேட்டு, கேட்டதற்குச் சான்று வைத்துக்கொள்ள வேண்டும். விசாரணை அதிகாரி நடுநிலையற்றவர் என்று கருதினால் அதனைத் தொடக்கத்திலேயே கூற வேண்டும். எல்லாம் முடிந்து தோற்றபின் கூறினால் மதிப்புக் குறையும். மேல்முறையீட்டிற்குரிய காலக்கெடுவைக் கடந்துவிடலாகாது. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில், இலாகாவின் இறுதி உத்தரவிலிருந்து ஓராண்டே கெடு. எல்லாவற்றிற்கும் மேலாக, சாவியை மற்றொருவரிடம் கொடுக்கும்போதும் பொறுப்பை மாற்றும்போதும் எழுத்தில் பெறும் ஒரு கையெழுத்து, பின்னர்ப் பத்து வக்கீல்கள் செய்ய இயலாததைச் செய்யும்.

முறைப்படி விசாரிப்பது குற்றவாளிக்குக் காட்டும் தயவு என்று சில அங்கத்தினர்கள் எண்ணுகின்றனர். பொதுப்பேரவையில் “விசாரணை எதற்கு, உடனே நீக்குங்கள்” என்ற குரல் எழும்பும்போது கைதட்டலும் எழுகிறது. அப்போது எழுந்து, “மகஜர் எழுதினீர்களா? பதிவேடுகள் பத்திரமாக இருக்கின்றனவா? அவருக்கு மெமோ கொடுத்தீர்களா?” என்று கேட்கும் அங்கத்தினரே சங்கத்தின் முதலைக் காப்பவராவார். குற்றவாளி தப்பாமலும் குற்றமற்றவர் கெடாமலும் இருக்க அவ்வினாக்களே வழி.

படிப்பு வட்டத்தில் ஆராய வேண்டிய வினாக்கள்

1. சென்னை அச்சக ஊழியர் தோற்று, சப் இன்ஸ்பெக்டர் வென்றதற்குக் காரணம் யாது?

2. ஹரியானா நடத்துனர் வழக்கில் பயணிகள் சாட்சி கூறாதிருந்தும் பணிநீக்கம் நின்றது. வங்கி ஊழியர் வழக்கில் பத்திரங்கள் இருந்தும் அது நிற்கவில்லை. இவ்வேற்றுமையை விளக்குக.

3. நம் சங்கத்தில் கிடங்குச் சாவியும் பெட்டிச் சாவியும் யாரிடம் உள்ளன? பொறுப்பு மாறும்போது எழுத்தில் பதிவு செய்யப்படுகிறதா?

4. நம் சங்கத்தின் துணைவிதிப்படி ஊழியரை நீக்கும் அதிகாரம் எவருக்கு உள்ளது?

5. கற்பனை நெசவாளர் சங்கத்தின் நிர்வாகக் குழு செய்த பிழைகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கூறி, சரியான ‘சார்ஜ் மெமோ’ ஒன்று எழுதிப் பார்க்க.